அட்டைப்படத்தில் அண்ணியின் கால்

கடலூர் முதுநகர்
12.8.2024

அண்ணிக்கு இளவரசி எழுதறது.

புதன்கிழமைலேர்ந்து பதினோரு தடவ போன் பண்ணிட்டேன். ரெண்டு தடவ கட் பண்ணீங்க. மத்ததெல்லாம் மணி அடிச்சி அடிச்சி ஓஞ்சி போச்சி. எங்க வீட்டுக்காரரு, அதான் உங்க தம்பி, பண்ணா எடுக்கறீங்க, நான் பக்கத்துல நிக்கறேன்னு தெரிஞ்சா வெச்சிடறீங்க. அதான் லெட்டர். கிழிச்சிப் போடறதா இருந்தாக்கூட கையில வாங்கித்தானே கிழிக்கணும்.

நடந்தத அப்படியே சொல்லிடறேன்.

ஜூன் மாசம் சிதம்பரம் வந்தப்ப உங்க கால போட்டோ எடுத்தேன். எங்க கம்பெனி கேம்புக்கு வர்ற டாக்டர்கிட்ட காட்டறேன்னு சொல்லித்தான் எடுத்தேன். காட்டவும் காட்டினேன் அண்ணி, அவர் சொன்ன ஆயின்மெண்ட்டத்தான் உங்களுக்கு அனுப்பினேன். அதுக்கப்புறம் பண்ணதுதான் தப்பு.

நான் வேல செய்யற செக்‌ஷனுக்கு சமுதாயப் பொறுப்புன்னு பேரு. கம்பெனி ஊருக்கு என்ன நல்லது செய்யிதுன்னு வருஷா வருஷம் ஒரு புக்கு போடுவோம். இந்த வருஷம் யானைக்கால் மாத்திரயப் பத்தி. சிப்காட்ல எங்க பிளாண்டுல அடிக்கற மாத்திர ஆப்பிரிக்கால பல நாட்டுக்கு இலவசமா போவுது, அத எழுதற வேலதான் எனக்கு. ரெண்டு மாசம் சாப்பாடு தண்ணி இல்லாம எழுதினேன். அவ்ளோ பெருமையா இருந்துச்சி. அட்டைக்கு மட்டும் படம் கெடைக்கல. எங்க செக்‌ஷன் ஹெட்டு தட்சிணாமூர்த்தி சார், "நம்ம ஊரு படமா ஒண்ணுகூட இல்லியாம்மா?"ன்னு கேட்டாரு. நான் என் போன நீட்டிட்டேன்.

யோசிக்கவே இல்ல. முகம் இல்லியே, பேர் இல்லியேன்னு மட்டும் தோணுச்சி. அதே படத்த மாத்திர குடுக்கற கேம்புக்கு ஃப்ளெக்ஸா அடிப்பாங்கன்னு, அதுவும் சிதம்பரத்துலயே கொண்டுபோய் நிறுத்துவாங்கன்னு எனக்குத் தெரியாது. இத சமாதானமா சொல்லல.

மண்ணிச்சிடுங்க அண்ணி. என்னா வேணா திட்டுங்க. ஆனா பேசுங்க.

உங்க இளவரசி


சிதம்பரம்
16.8.2024

இளவரசிக்கு,

உன் கடிதம் வந்தது. கிழிக்கவில்லை.

மன்னிப்புக்கு இரண்டு சுழி ன. நீ மூன்று சுழி போட்டு அதை மண்ணுக்கு அனுப்பியிருக்கிறாய். பல்கலைக்கழகப் பிள்ளைகளின் ஆய்வேடுகளைத் தட்டச்சு செய்து, பிழை பார்த்துப் பிழைக்கிற ஒருத்திக்கு எழுதும்போது இதையாவது கவனித்திருக்கலாம்.

நான் பார்த்ததைச் சொல்கிறேன். வருடத்தில் நாலைந்து முறைதான் நான் வெளியே போவேன், உனக்கே தெரியும். அன்றைக்கு ஒரு பெண்ணின் ஆய்வேட்டை நானே கொண்டுபோய்க் கொடுக்க வேண்டி வந்தது. ஆட்டோவில் போனேன். பஸ் ஸ்டாண்டு தாண்டி நெரிசலில் வண்டி நின்றது. ஆட்டோக்காரன் தலையை வெளியே நீட்டிப் பார்த்துவிட்டு, "இன்னாமா இது, காலங்காத்தால இந்தக் கருமத்த வெச்சிருக்கானுங்க. துன்ன சோறு வெளிய வந்துடும் போல" என்றான்.

நானும் பார்த்தேன். ஆறடி உயரத்துக்கு ஒரு கால். எனக்கும் முதலில் அருவருப்பாகத்தான் இருந்தது. பிறகு புடவைக் கரை கண்ணில் பட்டது. மாம்பழக் கலரில் பச்சைக் கரை. போன தீபாவளிக்கு நீ எடுத்துக் கொடுத்த புடவை.

அந்தக் காலை நான் ஆட்டோவுக்குள் இன்னும் உள்ளே இழுத்துக்கொண்டேன். அவனுக்கு ஒன்றும் தெரியாது. சிரித்துக்கொண்டே மீதிச் சில்லறையைக் கொடுத்துவிட்டுப் போனான். அவன்மேல் எனக்குக் கோபம் இல்லை.

பத்தொன்பது வயதில் ஜுரத்தோடு வந்து ஒட்டிக்கொண்டது இந்த வீக்கம். இருபத்தெட்டு வருடமாகப் புடவைக்குள்ளேயே வைத்து வளர்க்கிறேன். என் கூடப் பிறந்த கார்த்திகேசன்கூட முழங்காலுக்குக் கீழே பார்த்ததில்லை. டாக்டர், நர்ஸை விட்டால் உனக்கு மட்டும்தான் காட்டினேன். ஏன் காட்டினேன் என்று அன்றைக்கு ஆட்டோவில் யோசித்தேன். நீ கேட்ட விதம் அப்படி. "காட்டுங்க அண்ணி, என்கிட்ட என்ன" என்றாய்.

போனில் பேசமாட்டேன். பேசினால் நீ அழுவாய், நான் அடங்கிவிடுவேன். இந்த முறை அடங்க எனக்கு விருப்பமில்லை. எழுதுவதானால் எழுது.

அந்தப் புத்தகத்தில் ஒன்றை அனுப்பு. எதற்கு அட்டையானேன் என்று தெரிந்துகொள்கிறேன்.

தில்லையம்மாள்

பி.கு: கார்த்தியிடம் இதை வைத்துச் சண்டை போடாதே. அவன் நடுவில் கிடந்து முழிக்கிறான். உன் தைராய்டு மாத்திரையைக் காலையில் வெறும் வயிற்றில் போடுகிறாயா இல்லையா?


கடலூர் முதுநகர்
20.8.2024

அண்ணி,

மாத்திர போடறேன். வெறும் வயித்துலதான்.

உங்க லெட்டர பாத்ரூம்ல உக்காந்து படிச்சேன். அந்த ஆட்டோக்காரன் சொன்னத படிச்சிட்டு கொஞ்ச நேரம் வெளிய வரல. அப்புறம் எழுந்து ஆகவேண்டியதப் பாத்தேன்.

சார்கிட்ட போயி, "ஃப்ளெக்ஸ எடுத்துடுங்க சார்"ன்னேன்.

"செப்டம்பர் முடிய பர்மிஷன் வாங்கிருக்கும்மா. வெளிநாட்டுலேர்ந்து ஆளு வர்றாங்க, அவுங்க பாக்கணும். முகமே தெரியல, இதுல யாருக்கு என்ன கஷ்டம்?"

"எங்க அண்ணிக்கு சார்."

அவர் கண்ணாடியக் கழட்டி டேபிள்மேல வெச்சாரு. "இத மொதல்லயே சொல்லிருக்கணும் இளவரசி"ன்னாரு. அதும் நெசந்தானே. ஆனா எடுக்கச் சொல்லல.

அதனால ஞாயித்துக்கிழம காலைல நாங்களே எடுத்துட்டோம். உங்க தம்பி லைன்மேனா இருக்கறது இதுக்காவது ஒதவுச்சி. ஆபீஸ் ஏணிய கேக்காம கொள்ளாம சிநேகிதர் வண்டில ஏத்தி, முதுநகர்ல ஒண்ணு, புவனகிரில ஒண்ணு, கடைசியா சிதம்பரம். சிதம்பரத்துல அவர் மேல ஏறி கயித்த அறுக்கறப்ப ஒரு போலீஸ்காரர் வந்துட்டாரு. "யார்யா நீ, யாரக் கேட்டு எடுக்கற?"ன்னு சத்தம் போட்டாரு. இவர் மேலருந்தே, "எங்க அக்கா கால் சார் இது"ன்னாரு. அந்தப் போலீஸ்காரர் கொஞ்ச நேரம் மேல பாத்தாரு, கீழ என்னயப் பாத்தாரு. அப்புறம் போயி வண்டிங்கள ஒரு பக்கமா ஒதுக்கி விட்டாரு.

உங்க தெரு முனை வரைக்கும் வந்தோம். உள்ள வர தைரியம் இல்லாம திரும்பிட்டோம்.

நேத்து எனக்கு மெமோ குடுத்தாங்க. கம்பெனி பொருளுக்குச் சேதம் விளைவிச்சதா. பதில் எழுதிக் குடுத்துட்டேன்.

ஒண்ணு சொல்லணும் அண்ணி. அஞ்சு வருஷம் முன்னாடி எனக்குக் கொழந்த தங்காம போனப்ப நீங்க இங்க வந்து நாப்பது நாள் இருந்தீங்க. மாடிக்கு இருபத்திரண்டு படி. அந்தக் காலோட தெனமும் ஏறி வந்து எனக்குத் தல வாரி விடுவீங்க. படுத்த வாக்குல எனக்குக் கண்ணுக்கு நேரா தெரிஞ்சது உங்க கால்தான். எனக்கு அது ஒருநாளும் அசிங்கமா தெரிஞ்சதே இல்ல. அதனாலதான் போன நீட்டறப்ப கை கூசல போல. எனக்குக் கூசலன்னா உங்களுக்கும் கூசாதுன்னு ஆயிடுமா? அதத்தான் நான் யோசிக்கல.

புக்க இதோட வெச்சிருக்கேன். மூணு ஃப்ளெக்ஸும் பரண்ல மடிச்சி இருக்கு. என்ன பண்றதுன்னு நீங்களே சொல்லுங்க.

இளவரசி


சிதம்பரம்
27.8.2024

அன்பு இளவரசி,

ஏணியைக் கேட்காமல் எடுத்தானா! அவனுக்கும் மெமோ வந்து, இரண்டு பேரும் வேலை இல்லாமல் என் வீட்டுத் திண்ணையில் வந்து உட்காரப் போகிறீர்களா? அவன் மேலே இருந்தபோது கீழே யார் ஏணியைப் பிடித்தது? நீதானே? உனக்குப் பக்கெட்டுத் தண்ணீர் தூக்கவே மூச்சு வாங்கும்.

படித்துவிட்டுச் சிரித்தேன். அந்தப் போலீஸ்காரர் இடத்துக்கு வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. தெரு முனை வரை வந்தவர்கள் இன்னும் பத்து வீடு தாண்டி வந்திருக்கலாம். அன்றைக்கு வாழைப்பூ வடை போட்டிருந்தேன்.

ஃப்ளெக்ஸை வீணாக்காதே. மழைக்கு உங்கள் சமையலறைச் சீமை ஓடு ஒழுகுமே, அதன்மேல் விரித்துக் கல் வை. படம் கீழ்ப்பக்கம் இருக்கட்டும்.

புத்தகத்தை இரண்டு முறை படித்தேன். பதினான்கு எழுத்துப் பிழை, தனித்தாளில் குறித்திருக்கிறேன். ஆனால் நன்றாக எழுதியிருக்கிறாய். மாத்திரை வாங்கப் பள்ளிக்கூட வாசலில் வரிசையில் நிற்கிற பிள்ளைகளைப் பற்றிய பகுதியைப் படித்தபோது எனக்கு உன்மேல் கோபமாக இருப்பதே மறந்துவிட்டது. எனக்குப் பத்து வயதில் யாராவது அந்த மாத்திரையைக் கொடுத்திருந்தால் என்று நினைத்துக்கொண்டேன். உங்கள் கம்பெனி செய்வது நல்ல காரியம். அதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

ஆனால் ஒன்று கேட்கிறேன். அறுபத்திரண்டு பக்கம். அட்டையில் என் கால். உள்ளே என்னைப் போல ஏற்கனவே கால் வீங்கியவர்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லையே, ஏன்?

மாத்திரை இனிமேல் வராமல் தடுக்கும். வந்தவளுக்கு? வீங்கின கால் பழையபடி ஆகாது. அது எனக்குத் தெரியும். ஆனால் வருடத்துக்கு நாலு முறை ஜுரம் வந்து, கால் நெருப்பாகச் சிவந்து, ஒரு வாரம் படுக்கையில் போடுமே, அதை நிறுத்த முடிகிறது. நானே நிறுத்தியிருக்கிறேன். ஒரு நர்ஸ் அம்மா சொல்லிக் கொடுத்தபடி தினமும் இருபத்தைந்து நிமிடம். சோப்பும் சுத்தமான தண்ணீரும். விரல் இடுக்கு ஒவ்வொன்றாகக் கழுவி, தேய்க்காமல் ஒற்றித் துடைத்து, வெடிப்பில் மருந்து போட்டு, காலை உயரத் தூக்கி வைத்தல். அவ்வளவுதான். மூன்று வருடமாக எனக்கு ஜுரம் வரவில்லை. இது உங்கள் கம்பெனியில் யாருக்காவது தெரியுமா?

உன் சாரிடம் கேட்டுச் சொல்.

அண்ணி


கடலூர் முதுநகர்
13.9.2024

அண்ணி,

"அன்பு இளவரசி"ன்னு பாத்துட்டு அந்தப் பக்கத்த உங்க தம்பிகிட்ட ஓடிப்போய் காட்டினேன். அவர் "இதுக்கு எதுக்குடி அழுவற"ன்னாரு.

சார்கிட்ட கேட்டேன். அவர் கெட்டவர் இல்ல அண்ணி. "இத்தன கோடி மாத்திர குடுத்தோம்னு சொல்லலாம், காட்டலாம். கால் கழுவறத எப்பிடிம்மா எண்ணிக் காட்டறது?"ன்னாரு. நான் திரும்பி வந்துட்டேன்.

அப்புறம் செவ்வாய்க்கிழம மீட்டிங். வெளிநாட்டு ஆளுன்னதும் நான் வெள்ளக்காரங்கன்னு நெனச்சிருந்தேன். வந்தது தான்சானியாலேர்ந்து ஒரு டாக்டரம்மா. பேரு நேமா. உங்க வயசுதான் இருக்கும், உங்கள மாதிரியே தல நெறய நர. எங்க மாத்திரய அவுங்க ஜில்லால ஊர் ஊரா கொண்டு போயி குடுக்கறதே அவுங்கதான். எம்.டி. லேர்ந்து எல்லாரும் உக்காந்துருக்காங்க. புக்க கையில குடுத்தோம். அவுங்க தொறக்கவே இல்ல. அட்டையவே பாத்துட்டு, "யார் இந்தப் பெண்மணி?"ன்னு இங்கிலீஷ்ல கேட்டாங்க.

சார் என்னப் பாக்காம செவுத்தப் பாத்தாரு.

"என் கணவரோட அக்கா. அவுங்களக் கேக்காம நான் குடுத்த படம்"ன்னு சொல்லிட்டேன். நேமாம்மா புக்க கவுத்து வெச்சாங்க. "அவங்க என்ன சொன்னாங்க?"ன்னு கேட்டாங்க. உங்க கேள்விய அப்படியே சொன்னேன். வந்தவளுக்கு என்னன்னு.

அவுங்க சொன்னாங்க: "எங்க ஊர்லயும் இதான் கேக்கறாங்க. இந்த மாத்திர என் கால சரி பண்ணுமான்னு. ஒவ்வொரு வருஷமும் நான் தலையக் குனிஞ்சிக்கிட்டு அடுத்த வீட்டுக்குப் போயிடறேன்." அப்புறம் உங்களப் பாக்க முடியுமான்னு கேட்டாங்க.

சார் ஒடனே, "ஸ்டேஜ் ஃபங்ஷன்ல கூட்டிட்டு வந்துடலாம் மேடம்"ன்னாரு. நான், "அவுங்களக் கேக்காம எதுவும் சொல்லமாட்டேன்"ன்னுட்டேன். வெளிய வந்ததும் சார் என்கூட பேசல.

இன்னொண்ணு. மீட்டிங்ல டீ குடுக்க வந்த முத்தம்மாக்கா இதெல்லாம் கேட்டுட்டு நின்னுருக்காங்க. எங்க கேண்டீன்ல மூணு வருஷமா எனக்கு டீ குடுக்கறவுங்க. செம்மங்குப்பம் பக்கத்துல வீடு. எப்பவும் பொடவைய தரைல பொரள்ற மாதிரி கட்டுவாங்க, ஏன்னு நான் யோசிச்சதே இல்ல. சாயந்தரம் கை கழுவற எடத்துல வந்து நின்னு லேசா தூக்கிக் காட்டினாங்க. ரெண்டு காலும் அண்ணி. "உங்க அண்ணி எப்பிடி கழுவறாங்கன்னு கேட்டுச் சொல்றியாம்மா?"ன்னாங்க.

நேமாம்மா இருவத்திரண்டாந் தேதி கெளம்பறாங்க. என்ன சொல்லட்டும்? வேணாம்னா வேணாம்தான். நான் சொல்லிக்கறேன்.

இளவரசி


சிதம்பரம்
17.9.2024

அன்பு இளவரசி,

மேடைக்கு வரமாட்டேன். மாலை, சால்வை, கையில் பெரிய அட்டைச் செக்கு, இதெல்லாம் என் பக்கத்தில் வரக்கூடாது.

அந்த டாக்டரம்மா வீட்டுக்கு வரட்டும். சனிக்கிழமை காலை பத்து மணிக்குமேல். கேமரா வேண்டாம், போனும் பையிலேயே இருக்கட்டும். அவர் முன்னால் நான் என் காலைக் கழுவுகிறேன். இருபத்தைந்து நிமிடமும் இருந்து பார்க்க வேண்டும். பாதியில் எழுந்து போகக்கூடாது. இதை இங்கிலீஷில் மரியாதையாகச் சொல்லிவிடு.

முத்தம்மாளையும் கூட்டி வா. அந்த அம்மா பஸ்ஸில் வரவேண்டாம், உங்கள் கம்பெனிக் காரிலேயே வரட்டும்.

உன் சாரும் வருவதானால் வரலாம். காபியா டீயா என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்.

நீ அந்தக் கூட்டத்தில் சொன்னதைப் பற்றி ஒன்றும் எழுதவில்லை என்று நினைக்காதே. எழுத வரவில்லை, அவ்வளவுதான்.

அண்ணி


சிதம்பரம்
23.9.2024

என் இளவரசிக்கு,

சனிக்கிழமை நீ கிளம்பும்போது வாசலில் இத்தனை பேர் இருந்ததால் ஒன்றும் சொல்லவில்லை. நீ எழுதும் முன் நானே எழுதுகிறேன்.

அந்த நேமா அம்மா தரையில் சப்பணம் போட்டு உட்கார்ந்ததும் எனக்குப் பாதி பயம் போய்விட்டது. நான் கழுவக் கழுவ நோட்டில் எழுதிக்கொண்டே இருந்தார், கவனித்தாயா? மூன்றாவது விரல் இடுக்கில் என்னை நிறுத்தி அவர் கேட்டதை, "நான் செய்து பார்க்கலாமா?" என்று நீ மொழிபெயர்த்தபோது எனக்கு ஆமென்று சொல்ல எவ்வளவு நேரம் ஆனது! அவர் கை என் பாதத்தில் பட்டதும் கூச்சத்தில் சிரித்துவிட்டேன். இருபத்தெட்டு வருடத்தில் என் கையைத் தவிர, வைத்தியம் பார்க்காமல் வெறுமே அந்தக் காலைத் தொட்ட முதல் கை அது. அவரும் சிரித்தார். எதற்குச் சிரிக்கிறோம் என்று உனக்கும் உன் சாருக்கும் புரியவில்லை.

ஆனால் நான் எழுத வந்தது முத்தம்மாளைப் பற்றி.

எல்லாம் முடிந்து, நான் பெரிய வாத்தியார் மாதிரி, "தெனமும் இப்பிடிக் கழுவணும்மா" என்று சொன்னபோது, அந்த அம்மா என் பேசினில் இருந்த தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "கழுவுன்னு சொல்றீங்கக்கா. எந்தத் தண்ணில கழுவறது? எங்க தெரு போர்ல மஞ்சளா வருது. மோந்து பாத்தா மூக்கு எரியுது. அதுல கழுவினா வெடிப்பெல்லாம் காந்துது. யாரால இப்பிடி ஆச்சின்னு நான் சொல்ல வரல. சுத்தி இருக்கறது பூரா கம்பெனிதான். குடிக்க வாங்கற கேனுத் தண்ணியக் கால்ல ஊத்த முடியுமா?" என்றாள்.

உன் சார் மெதுவாக உன்னிடம், "இத மேடத்துகிட்ட சொல்ல வேணாம்மா. விட்டுடு" என்றார். எனக்குக் கேட்டது. முத்தம்மாளுக்கும் கேட்டது. அவள் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டாள்.

நீ சார் முகத்தைப் பார்த்தாய். என்னைப் பார்த்தாய். பிறகு நேமா அம்மா பக்கம் திரும்பி முழுக்கச் சொன்னாய். எனக்கு இங்கிலீஷ் பேச வராது, ஆனால் படிக்கத் தெரியும், கேட்டால் புரியும். ஒரு சொல்லைக்கூட நீ குறைக்கவில்லை, மெருகும் ஏற்றவில்லை. மூக்கு எரிகிறது என்பதைக்கூட விடவில்லை. சொல்லி முடித்துவிட்டு முத்தம்மாளிடம், "வேற எதாச்சும் சொல்லணுமாக்கா?" என்று கேட்டாய் பார், அங்கேதான் எனக்கு உன்மேல் இருந்த கடைசிக் கோபமும் போனது.

உன் வேலைக்கு என்ன ஆகுமோ என்று இரண்டு நாளாகக் கவலையாக இருக்கிறது. எது ஆனாலும் என்னிடம் மறைக்காமல் எழுது. ஆய்வேடுகள் நிறைய வருகின்றன. உனக்குப் பிழை திருத்தத்தான் வராது, தட்டச்சு வருமல்லவா?

அண்ணி


கடலூர் முதுநகர்
21.1.2025

அண்ணி,

பொங்கலுக்கு வந்தப்ப வீடு நெறய ஆளு இருந்ததால முழுசா பேச முடியல. அதுவுமில்லாம உங்களுக்கு எழுதறது பழகிப்போச்சி.

வேல போவல. டெஸ்பாட்ச்சுக்கு மாத்தினதுதான் உங்களுக்குத் தெரியுமே. மொதல்ல அவமானமா இருந்துச்சி. இப்ப பரவால்ல. மாத்திரப் பொட்டிய நானே எண்ணி லாரில ஏத்தி விடறேன். டப்பாமேல ஊர் பேரு இருக்கும். நேமாம்மா ஜில்லா பேரு வந்தா ஒருதடவ கையால தடவிட்டு அனுப்புவேன்.

நேமாம்மா ஊருக்குப் போய் கம்பெனிக்கு எழுதின லெட்டர் மூணு மாசம் டேபிள் டேபிளா சுத்துச்சி. நடுவுல மழ, வெள்ளம், எல்லாம் நின்னுபோச்சி. இப்பதான் முடிவு வந்துருக்கு. இனிமே எங்க மாத்திர போற ஊருக்கெல்லாம் கூடவே கால் கழுவற சாமான் போவும். பேசின், சோப்பு, துண்டு, மருந்து. எப்பிடிக் கழுவறதுன்னு ஒரு சின்னப் புக்கு. நேமாம்மா உங்க வீட்ல எழுதினாங்களே, அதான் அந்தப் புக்கு. படம் எல்லாம் கையால வரஞ்சது.

முத்தம்மாக்கா தெருவுக்கு எங்க பிளாண்டுலேர்ந்து சுத்திகரிச்ச தண்ணிக்கு பைப்பு போட்டுட்டாங்க. ரெண்டு கொழா. போர் தண்ணி ஏன் அப்பிடி ஆச்சின்றதுக்கு இன்னும் யாரும் பதில் சொல்லல. முத்தம்மாக்கா தெருல எல்லாரும் கையெழுத்து போட்டு மனு குடுத்துருக்காங்க. மனு எழுதிக் குடுத்தது நான்தான், பிழை இருந்தா திட்டாதீங்க. அது தனி சண்ட, அது நடக்கும்.

பழைய புக்க திரும்ப வாங்கிட்டாங்க. எனக்குப் பதிலா வந்த பொண்ணு, உங்க படம் ஒண்ணுகூட கம்பெனி கம்ப்யூட்டர்ல இல்லன்னு எழுதிக் கையெழுத்து போட்டுக் குடுத்துருக்கா. இதோட வெச்சிருக்கேன். இது நான் கேட்டு வாங்கினது. தட்சிணாமூர்த்தி சாரும் கீழ கையெழுத்து போட்டுட்டு, "உங்க அண்ணி போட்ட காப்பி நல்லா இருந்துச்சின்னு சொல்லு"ன்னாரு. நாலு மாசம் கழிச்சி அவர் என்கிட்ட பேசின மொத பேச்சு.

இப்ப விஷயத்துக்கு வரேன். முதுநகர்ல ஒரு ரூம் எடுக்கறாங்க. வாரத்துல வியாழக்கிழம மட்டும். கால் வீங்கினவுங்க வந்தா கழுவக் கத்துக் குடுக்கணும். நர்ஸ் ஒருத்தவுங்க உண்டு, ஜெயராணின்னு. ஆனா சொல்லிக் குடுக்கறவுங்க இந்தக் கால் உள்ளவுங்களா இருந்தாத்தான் வர்றவுங்க பொடவைய தூக்குவாங்கன்னு நேமாம்மா எழுதிருக்காங்க. பேரு எதுவும் எழுதல. நானும் யார்கிட்டயும் எந்தப் பேரும் சொல்லல.

உங்களக் கேக்கறேன். வேணாம்னு சொன்னா, முத்தம்மாக்கா கத்துக்கிட்டு செய்யறேன்னு சொல்றாங்க. அதனால எனக்காக ஒத்துக்காதீங்க.

இளவரசி


சிதம்பரம்
9.3.2025

என் இளவரசிக்கு,

நீ கேட்டு ஒன்றரை மாதம் பதில் போடாமல் இருந்தேன். பிறகு திடீரென்று போன வியாழக்கிழமை காலை அந்த அறை வாசலில் நின்றேன். நீ டெஸ்பாட்ச்சில் இருந்தாய். ஜெயராணி சொல்லித்தான் உனக்குத் தெரிந்திருக்கும். சாயந்தரம் உங்கள் வீட்டுக்கும் வராமல் நேராகப் பஸ் ஏறிவிட்டேன் என்று கோபமாக இருப்பாய். போனில் கார்த்தியும் கத்தினான். காரணம் சொல்கிறேன்.

சொல்லிவிட்டு வந்தால் நீங்கள் இருவரும் பஸ் ஸ்டாண்டுக்கே வந்து நிற்பீர்கள். நான் பாதி வழியில் இறங்கித் திரும்பிவிட்டால் உங்கள் முகத்தை எப்படிப் பார்ப்பது? அதனால்தான் சொல்லவில்லை. ஆலப்பாக்கத்தில் ஒருமுறை இறங்க எழுந்தேன். கண்டக்டர், "கடலூர்தானேம்மா, உக்காருங்க" என்றான். உட்கார்ந்துவிட்டேன்.

பதினோரு பேர் வந்தார்கள். முதல் அரைமணி நேரம் யாரும் யாரையும் பார்க்கவில்லை. எல்லாரும் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தோம். ஜெயராணி என்னென்னவோ பேசிப் பார்த்தாள். கடைசியில் நான் ஸ்டூலில் உட்கார்ந்து, புடவையை முழங்கால் வரை ஏற்றிச் செருகிக்கொண்டு, "எனக்கு இது" என்றேன். முத்தம்மாள் அடுத்து ஏற்றினாள். அப்புறம் மூலையில் இருந்த ஒரு பெரியவர் வேட்டியை மடித்தார். அதற்குப் பிறகு பேச்சு நிற்கவே இல்லை. எந்தச் செருப்பு எங்கே கடிக்கும், எந்தக் கடையில் உள்ளே விடமாட்டார்கள், எந்த மருந்து எரியும். ஒரு மணிக்கு முடியவேண்டியது மூன்றரை ஆகிவிட்டது. அதற்குமேல் உங்கள் வீட்டுக்கும் வந்தால் ஊர் திரும்ப இருட்டிவிடும் என்றுதான் நேராகப் பஸ் ஏறினேன்.

திரும்பும்போது பஸ்ஸில் பக்கத்து சீட்டில் மீன் கூடைக்காரி ஒருத்தி. மலர்க்கொடி என்று பெயர். என் காலைப் பார்த்தாள், திரும்பிக்கொண்டாள், மறுபடி பார்த்தாள். சிப்காட் தாண்டியதும், "என்னாக்கா கால்ல?" என்றாள்.

நான் சொன்னேன். பத்தொன்பது வயதிலிருந்து ஆரம்பித்து எல்லாம் சொன்னேன். டிக்கெட் வாங்கிய நேரம் தவிரப் பேசிக்கொண்டே வந்தேன். எனக்கே ஆச்சரியம், எனக்குள் இத்தனை பேச்சா என்று. அவள் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. புதுச்சத்திரம் வர இருக்கும்போது, தன் புருஷனுக்கும் அப்படித்தான் என்றாள். இரண்டு வருடமாகக் கடலுக்குப் போகவில்லையாம். வீட்டுக்குள்ளேயே படுத்திருக்கிறாராம்.

"வியாழக்கிழம கூட்டிக்கிட்டு வா" என்றேன்.

"அவுரு வரமாட்டாருக்கா. வாசப்படி தாண்ட மாட்டாரு."

எனக்கு அந்த மனுஷனை நன்றாகத் தெரிந்தது போல இருந்தது.

"சரி, வீடு எங்க சொல்லு. நான் வரேன்" என்றேன்.

அவள் கூடையைத் தலையில் வைத்துக்கொண்டே அடையாளம் சொன்னாள். இறங்கின பிறகும் ஜன்னல் பக்கம் வந்து, "கோயில் தாண்டி ரெண்டாவது சந்துக்கா, மறந்துடாத" என்றாள்.

ஆகவே வருகிற புதன்கிழமை மத்தியானமே நான் கிளம்புகிறேன். புதுச்சத்திரத்தில் இறங்கி அந்த மனிதரைப் பார்த்துவிட்டு, அடுத்த பஸ்ஸில் உங்கள் வீட்டுக்கு வருவேன். வர எப்படியும் பொழுது சாய்ந்துவிடும். அவர் பேசாவிட்டால் இன்னும் நேரமாகும். எனக்காகக் காத்திருக்காமல் நீங்கள் இரண்டு பேரும் சாப்பிட்டுவிடுங்கள். எனக்குக் கொஞ்சம் ரசஞ்சோறு மட்டும் மூடி வை.

அண்ணி